கட்டுப் போடாத எலும்பு

"படி... படி... இன்னொரு படி... நில்லு. மூச்சு வாங்கிக்கோ. இப்ப திருப்பம் வருது. இடது பக்கமா, மெதுவா..."

நான்காவது மாடியிலிருந்து குரல் இறங்கி வந்துகொண்டிருந்தது. குரலுக்குக் கீழே ஓர் இரும்பு பீரோ. பீரோவுக்குக் கீழே மச்சான். சாமான் இறக்குகிற வேலையில் கீழ்ப்பக்கம் பிடிப்பவன் பின்புறமாகத்தான் இறங்கவேண்டும். அவன் கண்ணுக்கு நேரே பீரோவின் தகரம் மட்டும்தான் இருக்கும். கால் எங்கே பதிகிறது என்பது அவனுக்குத் தெரியாது. மேலே பிடிப்பவன் சொல்கிற சொல்தான் அவனுக்குக் கண்.

மேலே பிடித்தவனுக்கு அந்தக் கம்பெனியில் ஹாரன் என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளச் சீட்டில் பத்திரமாக இருந்தது. அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவனே திரும்பிப் பார்க்கமாட்டான். மொட்டை மாடியில் நின்று அவன் "வண்டிய பின்னால எடு" என்றால் தெருமுனையில் டீ குடித்துக்கொண்டிருக்கும் டிரைவர் டம்ளரை வைத்துவிட்டு ஓடிவருவான். அப்படி ஒரு தொண்டை. ஹாரனின் மனைவியின் தம்பிதான் மச்சான். வேறு யார் மேலே பிடித்தாலும் மச்சான் கீழே பிடிக்க மாட்டான். "மாமா குரல் இருந்தா கண்ண மூடிக்கிட்டே இறங்குவேன்" என்பான். உண்மையில் பல நாள் அப்படித்தான் இறங்கினான்.

அந்தக் கட்டடத்தில் லிஃப்ட் இல்லாமல் இல்லை. நான்கு பக்கமும் கண்ணாடி வைத்து, உள்ளே மெல்லிசாகப் பாட்டும் போட்ட லிஃப்ட். சாமான் ஏற்றக்கூடாது என்று அதன் கதவில் எழுதி ஒட்டியிருந்தார்கள். "நம்மளையும் சேத்துத்தான் சாமான்னு எழுதியிருக்காங்க மாமா" என்று முதல் நாளே மச்சான் சொன்னான். அதனால் ஒரு பெரிய ஆபீஸ் முழுவதும், மேசையும் நாற்காலியும் பீரோவுமாக, மாடி மாடியாகப் படி வழியே இறங்கிக்கொண்டிருந்தது. வேறு கட்டடத்துக்குக் குடிபோகிறார்கள். லேசில் முடிகிற வேலை இல்லை. முடிந்தால் ஹாரனையும் மச்சானையும் நிரந்தரமாக்குவதாக சூப்பர்வைசர் வாக்குக் கொடுத்திருந்தார். "ஒரு சாமான்ல கீறல் விழக்கூடாது. நடுவுல ஒரு நாள் நிக்கக்கூடாது. அவ்வளவுதான் நான் கேக்கறது" என்றார். தினக்கூலியாகவே முடி நரைத்துக்கொண்டிருந்த ஹாரனுக்கு அது காதில் தேன் வார்த்ததுபோல் இருந்தது.

இரண்டாவது மாடித் திருப்பத்தில் மச்சானின் தோளிலிருந்து பீரோவைத் தாங்கிய பட்டை நழுவியது. பீரோ சுவர்ப்பக்கம் சாய்ந்தது.

"சுவரு! சுவரு! புது பெயிண்ட்டுடா!" என்று கீழேயிருந்து சூப்பர்வைசர் கத்தினார்.

ஹாரன் யோசிக்கவில்லை. யோசிக்கிறவனுக்கு இந்த வேலை ஆகாது. பீரோவைச் சுவரிலிருந்து தன் பக்கமாக வெடுக்கென்று இழுத்தான். இழுத்த வேகத்தில் அது அவன் மேலேயே வந்து சாய்ந்தது. அவன் முதுகுப்பக்கம் கைப்பிடிக் கம்பி முடிகிற இடம். அங்கே சதுரமாக ஓர் இரும்புத் தூண். தூணுக்கும் பீரோவுக்கும் நடுவே அவனுடைய வலது விலா மாட்டிக்கொண்டது. உள்ளே காய்ந்த சுள்ளி ஒடிவதுபோல் ஒரு சத்தம். அது அவனுக்கு மட்டும் கேட்டது.

சூப்பர்வைசர் இரண்டு இரண்டு படியாகத் தாவி ஏறி வந்தார். செல்போன் வெளிச்சத்தை அடித்து பீரோவைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். ஓரிடத்தில் கைக்குட்டையால் துடைத்தும் பார்த்தார்.

"ஒரு கீறல் இல்ல. சபாஷ்டா ஹாரன்."

ஹாரன் வாயைத் திறந்தபடி நின்றான். மூச்சு உள்ளே போகவே இல்லை. பிறகு பாதி போனது.

அந்தப் பகல் முழுவதும் எப்படியோ ஓட்டினான். பிடிப்பு என்றால் பெல்ட்டை இறுக்கு என்பதுதான் அந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த ஒரே வைத்தியம். இடுப்பில் கட்டுகிற அகலமான பெல்ட்டு அது. கம்பெனி அதைக் கொடுத்து, விலையைச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டது. ஒரு துளை இறுக்கினான். இடுப்புக்கு ஒன்றும் இல்லையே, விலா எப்படிக் கேட்கும்?

வீட்டில் அவனுக்கு இருப்புக் கொள்ளவில்லை. இடப்பக்கம் படுத்தால் குத்தியது. வலப்பக்கம் படுக்க முடியவே முடியாது. மல்லாந்தால் எழுந்திருக்க ஆள் வேண்டும். சுவரில் சாய்ந்து உட்கார்ந்தான், எழுந்தான், வாசல்வரை போனான், திரும்பி வந்தான், நாற்காலியைத் திருப்பிப் போட்டு அதன் முதுகைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தான். அவன் மனைவி சலவைக் கூடத்தில் ஓட்டல் விரிப்புகளை நாளெல்லாம் மடிக்கிறவள். வந்து அசந்து படுத்தவள், கொஞ்ச நேரத்தில் எழுந்து உட்கார்ந்துவிட்டாள்.

"உன் குறட்டை இல்லாம எனக்குத் தூக்கம் வரல. என்ன ஆச்சு?"

"ஒண்ணுமில்ல. புழுக்கமா இருக்கு."

"புழுக்கத்துக்கு யாராவது நாற்காலியக் கட்டிப் பிடிப்பாங்களா? சட்டையக் கழட்டு."

கழற்ற முடியவில்லை. அவள்தான் கழற்றினாள். வலது பக்கம் கருநீலமாக, ஒரு கை அகலத்துக்குக் கன்றியிருந்தது. விடிந்ததும் அவள் வேலைக்குப் போகாமல் அவனை ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள்.

டாக்டரம்மா எக்ஸ்ரே படத்தை விளக்கில் வைத்துப் பார்த்தாள்.

"ரெண்டு விலா எலும்பு உடைஞ்சிருக்கு. நல்லவேளை, நுரையீரல்ல குத்தல."

"கட்டு எப்பம்மா போடுவீங்க?" என்று கேட்டான் ஹாரன்.

"இதுக்குக் கட்டு கிடையாது."

"மாவுக்கட்டும்மா."

"நெஞ்சச் சுத்தி மாவுக்கட்டு போட்டா எப்படிய்யா மூச்சு விடுவீங்க? துணி, பெல்ட்டு, எதையும் வச்சு இறுக்கவே கூடாது. அது தானா கூடும். வலிக்குதுன்னு மூச்ச அடக்கி அடக்கி விட்டீங்கன்னா உள்ள சளி தங்கும், அது நிமோனியால போய் நிக்கும். அதனால வலி மாத்திரையப் போட்டுக்கிட்டு மணிக்கொரு தடவை நல்லா ஆழமா இழுத்து விடணும். இருமல் வந்தா அடக்காதீங்க. ஒரு தலையணைய விலா மேல வச்சு அமுக்கிப் பிடிச்சுக்கிட்டு இருமுங்க. வெயிட்டு தூக்கறத மறந்துடுங்க, ரெண்டு மாசமாவது. காய்ச்சல் வந்தாலோ, மூச்சு முட்டினாலோ, சளியில ரத்தம் வந்தாலோ ஓடி வந்துடணும். புரியுதா?"

"புரியுதும்மா" என்றாள் மனைவி. ஹாரன் கட்டு இல்லை என்பதிலேயே நின்றுவிட்டான். அத்தனை வலிக்கு ஒரு முழத் துணிகூட இல்லையா என்று அவனுக்கு அவமானமாக இருந்தது.

அன்று சாயங்காலம் தும்மல் வந்தது. தும்மல் வருவதற்கு முன் மூக்கு நமநமக்கும் அந்த நேரத்தில் அவன் முகம் போன போக்கைப் பார்த்து அவள் தலையணையைத் தூக்கிப் போட்டாள். "பிடி, பிடி, கட்டிப் பிடி. தலையணை இல்லாட்டி என்னையாவது கட்டிக்கிட்டுத் தும்மு. கல்யாணமாகி இத்தனை வருஷத்துல ஒரு டாக்டர் வந்து சொல்லவேண்டியிருக்கு உனக்கு."

"சிரிக்க வைக்காதடி, சண்டாளி" என்று கெஞ்சினான். சிரிப்பும் வலியும் ஒன்றாக வந்து கண்ணில் நீர் முட்டியது.

மறுநாள் எக்ஸ்ரே உறையோடு கம்பெனி ஆபீஸுக்குப் போனான். சூப்பர்வைசர் படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். தலைகீழாகப் பிடித்தார். பிறகு நேராகப் பிடித்தார்.

"எனக்கு எல்லாம் ஒரே மாதிரிதான் தெரியுது. கட்டு எங்க?"

"இதுக்குக் கட்டு போட மாட்டாங்களாம் சார். தானா கூடிடுமாம்."

"தானா கூடறதுக்கு எதுக்கு லீவு?" அவர் கெட்ட மனிதர் இல்லை. ஹாரனை உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தார். "இங்க பாரு. போன தடவ கை உடைஞ்சவனுக்கு நான் லீவு வாங்கித் தரலயா? அவன் மாவுக்கட்டோட வந்து நின்னான். போட்டோ எடுத்து மேல அனுப்பினேன். மறு பேச்சு இல்ல. அவன் இடத்த அப்படியே வச்சிருந்தாங்க. உன்கிட்ட நான் எத போட்டோ எடுக்கறது? நல்லா கல்லு மாதிரி உக்காந்திருக்க."

"உள்ள வலிக்குது சார்."

"ஊமைக்காயம்னு எழுதி அனுப்பினா சிரிப்பாங்கப்பா. உன் குரலுக்கும் அதுக்கும்!" என்று சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "நிரந்தரம் பண்றதுக்கு ஆள் பேரு கேட்டிருக்காங்க. இப்ப போய் லீவுல நின்னா, உன் இடத்துல வேற ஒருத்தன் நிப்பான். அப்புறம் நான் ஒண்ணும் பண்ண முடியாது. யோசிச்சுச் சொல்லு."

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? வெளியே வந்த ஹாரன், மாவுக்கட்டோடு நின்ற அந்தக் கை உடைந்தவனை நினைத்துப் பொறாமைப்பட்டான். கை உடைந்தவனைப் பார்த்துப் பொறாமைப்படுகிற நிலைமை நமக்கு வந்துவிட்டதே என்று தன் மேலேயே ஆத்திரமாகவும் வந்தது. படி இறங்கும்போது பெல்ட்டை இடுப்பிலிருந்து அவிழ்த்து, நெஞ்சுக்கு ஏற்றி, பல்லைக் கடித்துக்கொண்டு கடைசித் துளைவரை இழுத்து மாட்டினான். என்ன ஆச்சரியம், வலி பாதியாகக் குறைந்தது. டாக்டரம்மா சொன்னது நினைவில் இல்லாமல் இல்லை. ஆனால் டாக்டரம்மா என்றைக்காவது பீரோ இறக்கியிருக்கிறாளா?

மறுநாளே வேலைக்குப் போய் நின்றான். சட்டைக்கு உள்ளே பெல்ட்டு. அதன் பித்தளைப் பூட்டு நெஞ்சுக்குழியில் முட்டிக்கொண்டு நின்றது. வலி மாத்திரையைப் போட்டால் கண் சொக்கியது. படியில் கண் சொக்கினால் கதை முடிந்தது. அதனால் மாத்திரை வீட்டிலேயே கிடந்தது. வேலை ஓடியது. ஒன்று மட்டும் ஓடவில்லை. நெஞ்சு விரிய இடமில்லாததால் குரல் எழும்பவில்லை.

"மாமா, சத்தம் கீழ வரல."

"உன் காதுல பஞ்சா? படி... படி..."

"என் காதுக்கு என்ன? நீங்கதான் பொண்ணு பாக்க வந்த மாதிரி பேசறீங்க."

மச்சானுக்கு விஷயம் தெரியும். அக்கா சொல்லியிருந்தாள். இருந்தும் அவனும் வாயைத் திறக்கவில்லை. நிரந்தரம் என்றால் அவனுக்கும் சேர்த்துத்தானே. கடைசியில் அவனே ஒரு வழி சொன்னான். "கத்த வேணாம் மாமா. பீரோ தகரத்துல விரலால தட்டுங்க. ஒரு தட்டுன்னா ஒரு படி. ரெண்டு தட்டுன்னா நிக்கறேன். திருப்பத்த நான் கால வச்சே கண்டுபிடிச்சுக்கறேன்."

அப்படியே செய்தார்கள். டொக், ஒரு படி. டொக், ஒரு படி. டொக் டொக், நிறுத்தம். ஹாரன் வேலை செய்கிற இடம் இப்படி அமைதியாக இருந்ததே இல்லை. சூப்பர்வைசருக்கு அது பிடித்தும் இருந்தது. "கட்டடத்துல கம்ப்ளெய்ண்ட்டே வரல இப்பல்லாம்" என்றார்.

வீட்டில் மனைவி பெல்ட்டைப் பார்த்துவிட்டாள். பார்த்ததும் அதைப் பிடுங்கி ஜன்னல் வழியாக எறியப் போனாள்.

"அந்தம்மா தலைதலையா அடிச்சுக்கிச்சே, இறுக்காத இறுக்காதன்னு!"

"கொஞ்ச நாள்தான். முதல் மாடி மட்டும்தான் பாக்கி."

"முதல் மாடி முடியறதுக்குள்ள நீ முடிஞ்சிடுவ. மூச்ச இழு பாக்கலாம். என் எதிர்ல இழு."

இழுத்தான். பாதியில் முள் குத்தியதுபோல் நின்றது. அவள் அவன் முதுகில் கையை வைத்துப் பார்த்தாள். இஸ்திரி போட்ட துணி மாதிரிச் சுட்டது. நாளைக்குப் போகாதே என்று அழுதாள், திட்டினாள், பிறகு திரும்பிப் படுத்துக்கொண்டாள். அவன் நாற்காலிக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டிருந்தான். நெஞ்சுக்குள் ஏதோ கொழகொழவென்று கிடந்தது. இருமினால் வெளியே வரும். இருமினால் உயிர் போகும். தொண்டையைச் செருமிச் செருமி அதை உள்ளேயே வைத்துக்கொண்டான்.

அடுத்த நாள் இன்னொரு பீரோ. மேல் மாடியில் பூட்டி வைத்திருந்த அறையைக் கடைசியாகத் திறந்துவிட்டார்கள். அதற்குள் இருந்ததிலேயே கனமான பீரோ அது. ஹாரனுக்கு உடம்பு குளிரில் வெடவெடத்தது, முகத்தில் வேர்வை ஓடியது. மூன்றாவது மாடி தாண்டி, அதே இரண்டாவது மாடித் திருப்பத்துக்கு மேலே வந்தார்கள். இன்னும் சில படிகள். ஹாரனின் ஒரு கால் படியின் விளிம்பில் சரியாகப் பதியவில்லை. டொக் டொக் என்று தட்டினான். மச்சான் நின்றான்.

அப்போது இருமல் வந்தது.

இத்தனை நாள் அடக்கி வைத்த இருமல் எல்லாம் ஒன்றாகக் கிளம்பி வந்தது. இரண்டு கையும் பட்டையில் இருந்தன. நெஞ்சு முன்னால் வெட்டி வெட்டி இழுத்தது. நெஞ்சில் இருந்த பித்தளைப் பூட்டு, சட்டையோடு சேர்ந்து, தகரத்தில் போய் மோதியது. டொக். மச்சான் ஒரு படி இறங்கினான். இல்லை, நில்லு என்று கத்த வாயைத் திறந்தான் ஹாரன். காற்றுதான் வந்தது. டொக். மச்சான் இன்னொரு படி இறங்கினான்.

ஹாரன் மேலேயே நிற்க, பீரோ கீழே போனது. மொத்தப் பாரமும் மச்சான் மேல் இறங்கியது. "மாமா!" என்று அவன் அலறியது அந்தப் படிக்கட்டு முழுவதும் எதிரொலித்தது. அவன் முழங்கால் மடங்குவது ஹாரனுக்கு மேலிருந்து தெரிந்தது. பட்டையை மணிக்கட்டில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு, பின்பக்கமாகப் படியில் தொப்பென்று உட்கார்ந்து, உடம்பு எடை முழுவதையும் கைப்பிடிப் பக்கமாகச் சாய்த்து இழுத்தான். சுவரைப் பார்க்கவில்லை. கீறலைப் பார்க்கவில்லை. பீரோ திரும்பிப் போய் அந்தச் சதுரத் தூணில் கிரீச்சென்று மோதி, கதவு நசுங்கி, கம்பிக்கும் சுவருக்கும் நடுவே ஆப்பு அடித்ததுபோல் நின்றுவிட்டது. அதற்கு ஒரு முழம் கீழே மச்சான் உட்கார்ந்திருந்தான். உள்ளங்கை மட்டும் உரிந்திருந்தது.

ஹாரன் இருமிக்கொண்டே இருந்தான். கையால் வாயைத் துடைத்தபோது செம்மண் நிறத்தில் சளி வந்தது. சூப்பர்வைசர் ஏறி வந்தார். இந்தத் தடவை அவருக்குச் செல்போன் வெளிச்சம் தேவைப்படவில்லை.

"போச்சு" என்றார், பீரோவைப் பார்த்து.

ஆஸ்பத்திரியில் மூக்கில் குழாய் வைத்தார்கள். கையில் ஊசி ஏறியது. அதே டாக்டரம்மா வந்து, நெஞ்சில் பெல்ட்டு அழுத்திய தடத்தைப் பார்த்தாள். பிளாஸ்டிக் கூண்டுக்குள் மூன்று பந்து வைத்த ஒரு கருவியைக் கையில் கொடுத்தாள். குழாயை வாயில் வைத்துக் காற்றை உள்ளே இழுத்தால் பந்து ஒவ்வொன்றாக மேலே எழும்ப வேண்டும். மொட்டை மாடியிலிருந்து தெருமுனை வரைக்கும் கேட்ட அந்தத் தொண்டை இழுத்து இழுத்துப் பார்த்தது. முதல் பந்து லேசாக ஆடியது. மனைவி பக்கத்தில் உட்கார்ந்து, "எழும்பிடுச்சு, கொஞ்சம் எழும்பிடுச்சு" என்று பொய் சொன்னாள்.

மூன்றாவது பந்து எழும்பியபோது வீட்டுக்கு அனுப்பினார்கள். மச்சான் வந்து போனான். வேலையைப் பற்றிக் கேட்டால் பேச்சை மாற்றினான். நேரிலேயே போய்க் கேட்டுவிடுவது என்று ஒரு நாள் ஹாரன் தலையணையை அக்குளில் இடுக்கிக்கொண்டு கிளம்பினான். இருமல் இன்னும் முழுசாக விடவில்லை. பஸ்ஸில் எல்லோரும் அந்தத் தலையணையைப் பார்த்தார்கள். "படுக்கையோட வந்திருக்காரு" என்று யாரோ சொன்னதற்கு அவனும் கொஞ்சம் சிரித்துவைத்தான். சிரிக்கும்போது இப்போது அவ்வளவாக வலிக்கவில்லை.

கட்டடத்தில் முதல் மாடி காலியாகிவிட்டிருந்தது. கிடங்குக்குப் போகவேண்டிய பழைய சாமான்கள் மட்டும் மேலேயிருந்து இறங்கிக்கொண்டிருந்தன. லிஃப்ட் கண்ணாடிக்குள் பாடிக்கொண்டே போயிற்று. படியில் நின்று நின்று ஏறினான். இரண்டாவது மாடித் திருப்பத்தில் சூப்பர்வைசர் நின்றிருந்தார்.

"அடடே, ஹாரனா! நல்லா தேறிட்டியே!" என்றார். நிஜமாகவே சந்தோஷப்பட்டார். பிறகு தலையணையைப் பார்த்தார். "இன்னும் இருமல் இருக்கோ?"

"குறைஞ்சிடுச்சு சார். என் இடம்..."

"அந்தப் பீரோ ஒண்ணு நடுவுல வந்துடுச்சேப்பா. நான் எவ்வளவோ சொன்னேன், உடம்பு முடியாமத்தான் அப்படின்னு. உடம்பு முடியலன்னா ஏன் வேலை செய்ய விட்டன்னு என்னையே திருப்பிக் கேக்கறாங்க. நான் என்ன சொல்லட்டும்? உன் மச்சான் பேர மட்டும்தான் காப்பாத்த முடிஞ்சுது."

மேலே காலடிச் சத்தம். ஒரு புதுக்குரல், "வா... வா... அப்படியே வா..." என்று சொல்லிக்கொண்டிருந்தது. எங்கே வருவது, எத்தனை படி, திருப்பம் எந்தப் பக்கம் என்று ஒன்றும் இல்லை, வெறும் வா. அதற்குக் கீழே, ஒவ்வொரு படியாகக் காலால் துழாவிக்கொண்டு, மச்சானின் முதுகு வந்துகொண்டிருந்தது. முதுகைப் பார்த்தாலே அவன் கண்ணை அகலத் திறந்து வைத்திருக்கிறான் என்று தெரிந்தது.

"இன்னும் ரெண்டு படிடா" என்றான் ஹாரன். பழைய குரலில் பாதி இருந்தது. "ரெண்டு. ஒண்ணு. இப்ப திருப்பம், இடது பக்கம்."

மச்சான் திரும்பிப் பார்க்கவில்லை, பார்க்க முடியாது. ஆனால் தோள் இறங்கியது, கால் சரியான இடத்தில் பதிந்தது. பீரோ அவர்களைத் தாண்டிக் கீழே போனது.

பேசியதில் ஹாரனுக்கு இருமல் வந்தது. தலையணையை விலாவில் அமுக்கிக்கொண்டு, சாய்வதற்கு இடம் தேடிப் பின்னால் கையை நீட்டினான். கையில் மெத்தென்று பட்டது. அந்தச் சதுர இரும்புத் தூண். அதைச் சுற்றி இரண்டு அடுக்காகத் தடித்த ஃபோம் வைத்து, மேலே வெள்ளைத் துணி சுற்றி, மேலிருந்து கீழ்வரை வெள்ளை டேப்பால் ஒரு சுருக்கம் இல்லாமல் இறுக்கி ஒட்டியிருந்தார்கள்.

"ஏய், ஏய், அதுல சாயாதப்பா" என்றார் சூப்பர்வைசர். "கட்டு கலைஞ்சிடும்."